மூன்றரைப் பரப்பு

முதல் வேலை
காற்றைக் கழிப்பது.

எழுநூறு கிலோமீற்றர் உயரத்துக் கண்ணுக்கும்
எங்கள் மண்ணுக்கும் நடுவில்
எவ்வளவு தூசி, எவ்வளவு ஈரம், எவர் எரித்த வைக்கோல்.
கார்த்திகை கழிந்தால் வடக்கே இருந்து
கடவுச்சீட்டு இல்லாமல் கடல் தாண்டி வரும் புகார்
நயினாதீவை மூடும், பண்ணைப் பாலத்தை மூடும்.
அதையும் ஓர் எண்ணாக்கிக் கழித்த பிறகுதான்
நிலத்தில் கை வைக்கலாம்.

திருநெல்வேலியில், மேல்மாடியில்,
மின்விசிறிக் காற்று எட்டாத மூலையில் என் மேசை.
முப்பத்தெட்டு வருடத்துப் படங்கள்.
ஒரு கட்டம் முப்பது மீற்றருக்கு முப்பது,
எங்கள் கணக்கில் மூன்றரைப் பரப்பும் கொஞ்சமும்.
அதற்குள் ஒரு வீடு, ஒரு கிணறு, ஒரு கறுத்தக்கொழும்பான்,
கிழக்கு வேலிக் கிளுவை, அந்த வேலி பற்றிய வழக்கு
எல்லாம் கலந்து ஒரே நிறம்.

இந்தப் படத்தில் உயிருள்ள இலை சிவப்பு.
செம்மண்ணோ பச்சை பாய்ந்த சாம்பல்.
பழக ஆறு மாதம் எடுத்தது.

வறுத்தலைவிளான்.
தொண்ணூறாம் ஆண்டு ஆனிக்கு முன்னே சதுரம் சதுரமாய்த் தோட்டம்.
வெங்காயம் கிண்டினால் வெளிறும்,
புகையிலை எழும்பினால் சிவக்கும்.
பிறகு சதுரங்கள் இல்லை.
வருடா வருடம் சிவப்பு ஏறுகிறது
வேலியை விழுங்கி, ஒழுங்கையை விழுங்கி,
முள்ளுக்கம்பியின் நேர்கோட்டில் வந்து
சட்டென்று நிற்கிறது.
என்ன செழிப்பு!
கொழும்பிலிருந்து ஒருவர் அப்படித்தான் எழுதினார்,
காடு தானாக மீண்டதற்கு நல்ல உதாரணம் என்று.

தொண்ணூற்றைந்து ஐப்பசிக் கடைசியைத் தேடினேன்.
குடாநாடே இல்லை, முகில்.
நாவற்குழிப் பாலத்துக்கு மேலே வெறும் வெள்ளை.
அதன் கீழே மழையில் யார் யார் நடந்தார்கள் என்பதற்கு
கோப்பில் இரண்டு சொல்:
தரவு இல்லை.

இந்தப் பங்குனியில் ஒரு கட்டம் வெளிறியது.
பதினாறு நாள் கழித்துப் பக்கத்தில் இன்னொன்று.
படிவம் கேட்டது: தாவர இழப்பு. காரணம்?
தீ. வரட்சி. கட்டுமானம். சட்டவிரோத வெட்டு.

ஸ்கூட்டியில் போய்ப் பார்த்தேன்.
கிணற்றுக்கட்டைப் பிளந்து வளர்ந்த ஆலமரத்தை
பெக்கோ ஒன்று பிடுங்கிக்கொண்டிருந்தது.
உறுதியைப் பொலித்தீன் பையில் சுற்றி
கக்கத்தில் வைத்தபடி தவமலர் அக்கா.
"காணி அளக்க வந்தனீங்களோ?"
இல்லை, நான் மேலேயிருந்து பார்க்கிறனான் என்றேன்.
"மேலையிருந்தோ?
அப்ப இவ்வளவு வருசமும் பாத்துக்கொண்டுதான் இருந்தனீங்கள்."

பெக்கோ இரைந்தது. அதற்குள் ஒளிந்துகொண்டேன்.

கைத்தொலைபேசியில் படத்தைக் காட்டினேன்.
"என்ரை கிணறு எங்கை?"
கிணறு கட்டத்தைவிடச் சின்னது, அக்கா.
"வீடு?"
அதுவும்தான்.
கனநேரம் கூரையில்லாத சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றா.
"எத்தினை மணிக்கு அது இதாலை போறது?"
காலை பத்தேகால் போல. அடுத்த வெள்ளி.

'வேறு' என்ற கட்டத்தில் எழுதினேன்:
வீட்டுக்காரர் வந்துவிட்டார்கள்.
கொழும்பு திருப்பி அனுப்பியது:
உரிய வகையைத் தெரிவு செய்க.

வெள்ளி பின்னேரம் அழைப்பு.
"தறப்பாள் விரிச்சனான், நீலம்.
நாலு மூலைக்கும் கல்லு வைச்சு, சுவருக்கு மேலை.
கண்டனீங்களோ?"
படம் இறங்க இரண்டு நாள் ஆகும் என்றேன்.

ஞாயிறு. ஒரு பொட்டு முகில் இல்லை.
காற்றைக் கழித்தேன்.
அந்தக் கட்டத்தில் நீலம்
இரண்டு புள்ளி கூடியிருந்தது.
இரண்டு என்பது கணக்கில் சேராது.
கருவியின் நடுக்கம் அதைவிடப் பெரிது,
நான் கழித்தது போக மிஞ்சிய புகாராயும் இருக்கலாம்.

தொலைபேசியை எடுத்தேன்.
"ஓம் அக்கா," என்றேன்,
"கண்டனான்."